கடைசிப் பிடி முப்பது கிராம்

தராசில் இருபத்து நான்கு புள்ளி ஆறு என்று விழுந்தது. நாய்க் காப்பகத்தின் பொறுப்பாளரான பெண்மணி பிரௌ எஷ்லிமன் அந்த எண்ணை இரண்டு தரம் உரக்க வாசித்தார். கஜலக்சுமிக்கு எண் வாசிக்கத் தெரியாது என்று அவருக்கு யார் சொன்னார்களோ தெரியவில்லை.

“ஆறு வாரத்துக்கு முன்னால் இங்கேயிருந்து போனபோது இருபத்திரண்டு புள்ளி எட்டு,” என்றார். “அதுவே அதிகம்.”

நாய் தன்பாட்டில் தராசில் ஏறவில்லை. பிரௌ எஷ்லிமன் மேலங்கிப் பைக்குள் கையை விட்டு, எலும்பு வடிவ பிஸ்கட் ஒன்றை எடுத்து அதன் மூக்குக்கு நேரே பிடித்த பிறகுதான் ஏறியது. ஏறியதற்கு ஒன்று, இறங்கியதற்கு ஒன்று. பிறகு கையைத் தட்டிவிட்டுக்கொண்டு கேட்டார்: “உங்கள் ஆட்கள் வீட்டில் நிறையச் சோறு சாப்பிடுவீர்கள், இல்லையா?”

கஜலக்சுமி ஆமென்றாள். அதில் மறைக்க என்ன இருக்கிறது.

“அதுதான் காரணம். நாய் மனிதர் இல்லை. சோறு கூடாது. கையால் ஊட்டுவது கூடவே கூடாது. பையில் இருக்கிற உலர் தீன் மட்டும்.” சொல்லிக்கொண்டே தாளில் சிவப்புப் பேனாவால் ஒரு கோடு இழுத்தார். நாயை முதலில் பரிசோதனைக் காலத்துக்குத்தான் கொடுப்பார்கள். அது முடிகிற நாள் கோட்டுக்குக் கீழே எழுதப்பட்டது. “பத்து வாரம் தருகிறேன். இருபத்திரண்டுக்குக் கீழே வராவிட்டால் திருப்பி எடுத்து வேறு குடும்பத்துக்குக் கொடுப்போம். உங்களோடு எனக்கு ஒரு கோபமும் இல்லை. நாய்க்காகத்தான்.”

இந்த நாட்டில் ஒருவர் கோபம் இல்லை என்று சொல்லிக்கொண்டு தாளில் கோடு இழுத்தால் அந்தக் கோடு அழியாது. கஜலக்சுமிக்கு அது இருபத்தாறு வருட அனுபவம். முதலில் எஃப் என்று ஒரு வதிவிட அட்டை, பிறகு பி, பிறகு சி. எந்த ஊரில் இருப்பது, எந்த வேலை செய்வது, எந்த மாடியில் வீடு என்பதையெல்லாம் வேறு ஆட்கள் முடிவெடுத்துத் தாளில் எழுதி நீட்ட, அவள் கையெழுத்து வைத்தாள். மிச்சம் மீதியைக் கணவனும் பிள்ளைகளும் முடிவெடுத்தார்கள். ஐம்பத்து மூன்று வயதில், லீவு நாள் ஒன்றில், யாரிடமும் கேட்காமல் தனியாக பஸ் ஏறி வந்து “எனக்கு இந்த நாய் வேணும்” என்று அவள் கேட்டு வாங்கியது இது ஒன்றுதான். இதையும் கொண்டுவந்து விட்டுவிட்டுப் போ என்றால் விடுவாளா?

நாயின் பெயர் ப்ளெஸ். நெற்றியில் நெடுக வெள்ளைக் கோடு உள்ள நாய்க்கு இங்கே வழக்கமாக வைக்கிற பெயர். அவளுடைய கணவன் தில்லைநாதன் முதல் நாள் அந்தக் கோட்டைப் பார்த்துவிட்டு, “சைவக்காரன் வீட்டுக்கு நாமம் போட்ட நாயோ?” என்று கேட்டுவிட்டுப் போய் டிவிக்கு முன்னால் இருந்தவர்தான். மூன்று நாள் கதைக்கவில்லை. பாசலில் இருக்கிற மச்சாள் இரத்தினம்மா தொலைபேசி எடுத்து, “சாமி அறை இருக்கிற வீட்டுக்குள்ள நாயை விட்டிருக்கிறாய் எண்டு கேள்விப்பட்டன்” என்று தொடங்கினாள். “வைரவர் எதில வாறவர் மச்சாள், ட்ராமிலயோ?” என்று கஜலக்சுமி கேட்டாள். அதோடு அந்தப் பக்கம் அடங்கியது.

அன்றைக்கு நாய்க்கும் அரை டிக்கெட் எடுத்துக்கொண்டு வீடு இருக்கிற லாங்கன்தாலுக்குத் திரும்பும்போது அவள் ஜன்னலுக்கு வெளியே ஒன்றையும் பார்க்கவில்லை. கஜலக்சுமிக்குக் கோபம் வந்தால் பேச்சு வராது, கணக்குத்தான் வரும். ஊரில் உயர்தர வகுப்பில் கணிதம் படித்தவள். அந்தக் கணிதம் இங்கே வந்து சேர்ந்த இடம் முதியோர் இல்லம் ஒன்றின் சமையலறை. இருபது வருடமாக அங்கே தட்டுத் தட்டாக நிறுத்துப் போடுகிறாள். சீனி வியாதிக்காரருக்கு நூற்றிருபது கிராம் உருளைக்கிழங்கு, சிறுநீரகம் பழுதானவருக்கு அறுபது கிராம் இறைச்சி. ஒரு கிராம் கூடினாலும் எடுத்து விடுவாள். அப்படிப்பட்டவளைப் பார்த்து, அளவு தெரியாமல் சோற்றை அள்ளிப் போடுகிற மனுசி என்றல்லவா அந்தப் பெண் நினைத்துவிட்டாள். நாயின் நிறையை விட அதுதான் அவளுக்குச் சுட்டது.

உண்மையில் நாய் வந்த நாளிலிருந்து உலர் தீனை அவள் நிறுத்துத்தான் போட்டாள். பையின் பின்பக்கம் ஓர் அட்டவணை இருந்தது. இருபது கிலோ நாய்க்கு இருநூற்று எழுபது கிராம், இருபத்தைந்து கிலோவுக்கு முந்நூற்று முப்பது. ப்ளெஸ் இரண்டுக்கும் நடுவில் நின்றான். வாயில்லாத சீவன் பசி கிடக்கக் கூடாதே என்று மேலே இருந்த எண்ணை எடுத்தாள். எந்தத் தாயும் அதைத்தான் எடுப்பாள்.

பின்னேரம் மகள் வேணுகா பேர்னில் வேலை முடிந்து வந்ததும், பையையும் மூக்குக்கண்ணாடியையும் அவளுக்கு முன்னால் கொண்டுபோய் வைத்தாள். “இதில பொடி எழுத்தில என்ன கிடக்கு, ஒருக்கா வாசி பிள்ளை.”

வேணுகா கண்ணாடி இல்லாமலே வாசித்தாள். “இப்ப இருக்கிற நிறைக்கு இல்லையம்மா. இருக்கவேண்டிய நிறைக்குத்தான் இந்தக் கணக்கு.”

கஜலக்சுமி நெற்றியில் அடித்துக்கொண்டாள். சமையலறையில் தினமும் செய்கிற வேலை. நூறு கிலோ மனுசனை எண்பதுக்கு இறக்க வேண்டுமென்றால் எண்பது கிலோவுக்குத்தானே சாப்பாடு போடுவார்கள்? “சரி. இவன் எத்தினை கிலோ இருக்கவேணும்?”

“இவன்ர உயரத்துக்கு இருபது.” வேணுகா போனில் தட்டிப் பார்த்தாள். “மிருக வைத்தியர்மார் போடுற கணக்கு ஒண்டு இருக்கு. நிறையை மூண்டு தரம் பெருக்கவேணும். பிறகு வர்க்கமூலம் எடுத்து, அதுக்குத் திரும்பவும் ஒரு வர்க்கமூலம் எடுத்து, எழுபதால பெருக்கவேணும். பொறுங்கோ, இதிலயே போடலாம்…”

“போனை வை,” என்றாள் கஜலக்சுமி.

மின்சாரக் கட்டணம் வந்த உறையின் பின்பக்கத்தில் எழுதினாள். இருபதை இருபதால், திரும்பவும் இருபதால், எண்ணாயிரம். வர்க்கமூலம் எண்பத்தொன்பது புள்ளி நான்கு சொச்சம். அதன் வர்க்கமூலத்துக்குக் கொஞ்சம் மினக்கெட்டாள். ஒன்பது புள்ளி நான்கு ஆறு வந்தது. எழுபதால் பெருக்க அறுநூற்று அறுபத்திரண்டு கலோரி. வேணுகா போனில் தட்டிப் பார்த்துவிட்டு அம்மாவை ஒரு மாதிரிப் பார்த்தாள். அதே எண். பெற்ற பிள்ளைக்கே அன்றைக்குத்தான் அம்மாவின் படிப்பு தெரிந்தது.

மெலிகிற நாய்க்கு ஒரு நாளைக்கு அவ்வளவுதான். தீனில் நூறு கிராமுக்கு முந்நூற்று அறுபது கலோரி என்று பை சொன்னது. வகுத்தால் நூற்று எண்பத்து நான்கு கிராம். காலையில் தொண்ணூற்றிரண்டு, பின்னேரம் தொண்ணூற்றிரண்டு. தாளைக் குளிர்சாதனப் பெட்டிக் கதவில் ஒட்டினாள். அவளைப் பொறுத்தவரை விஷயம் முடிந்துவிட்டது.

முடியவில்லை. குளியலறைத் தராசில் நாயைத் தூக்கிக்கொண்டு ஏறி நிற்பாள், பிறகு தனியே ஏறி நிற்பாள், கழித்துப் பார்ப்பாள். முதல் கிழமை இருபத்து நான்கு புள்ளி ஐந்து. இரண்டாம் கிழமை இருபத்து நான்கு புள்ளி ஆறு. பட்டினி கிடக்கிற நாய் மெலியாமல் மினுமினுவென்று நின்றது. எட்டு வாரம்தான் மிச்சம். தன் கணக்கில் பிழை இருக்குமோ என்று உறையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். பிழை இல்லை. அப்படியானால் வீட்டில் எங்கேயோ ஐந்நூறு கலோரி ஒளிந்திருக்கிறது.

“நான் ஒண்டும் குடுக்கேல்ல,” என்றார் தில்லைநாதன், கேட்க முதலே.

“நான் உங்களைக் கேக்கேல்லயே.”

“பார்த்த பார்வையில கேட்டனீர்.”

வேணுகாவும் இல்லையென்றாள். நாய் மூன்று பேரையும் மாறி மாறிப் பார்த்தது. அதன் முகத்தில் ஒரு குற்றமும் தெரியவில்லை. அதுக்கென்ன, சாப்பிட்டவனுக்குத் தெரியும் யார் கொடுத்ததென்று, ஆனால் அவன் காட்டிக் கொடுக்கிற ஆள் இல்லை.

அவள் வேலை செய்கிற முதியோர் இல்லத்தில் ஒரு கிழவர் இருந்தார். சீனி இறங்கவே இல்லை. டாக்டர் திட்டினார், மகள் திட்டினாள். கிழவர் சத்தியம் செய்தார். ஒரு நாள் கஜலக்சுமி அவரிடம் போய், சொக்கலேட் சாப்பிடலாம், ஆனால் தின்கிற துண்டை முதலில் எனக்குக் காட்ட வேண்டும் என்றாள். அன்று பின்னேரமே கட்டில் மெத்தைக்குக் கீழேயிருந்து மூன்று பெட்டி வெளியே வந்தது. சனிக்கிழமை மத்தியானம் மூவரும் சாப்பிட இருக்கும்போது அதே வேலையைச் செய்தாள். சமையல் தராசைக் கொண்டுவந்து மீன் குழம்புக்குப் பக்கத்தில் மேசை நடுவே வைத்தாள்.

“இஞ்ச பாருங்கோ. நாய்க்குக் குடுக்கவேண்டாமெண்டு நான் சொல்லேல்ல. எதைக் குடுத்தாலும் குடுக்க முதல் இதில வைக்கவேணும். அவ்வளவுதான்.”

மூவரும் சாப்பிட்டார்கள். தில்லைநாதனின் தட்டில் சோறு முடிகிற நேரம், நாய் எழும்பிப் போய் அவருடைய கதிரைக்குப் பக்கத்தில் இருந்தது. அழைக்காமலே போனது. அவர் சுவரைப் பார்த்தார். தட்டைப் பார்த்தார். பிறகு கடைசிச் சோற்றைக் குழம்போடு குழைத்து உருட்டிக் கொண்டுவந்து தராசில் வைத்தார். அறுபத்தொரு கிராம்.

“எத்தினை நாளா?”

“வந்த நாளில இருந்து. மத்தியானம் ஒண்டு, இரவு ஒண்டு.”

“நீங்கள்தானே நாய் வேண்டாமெண்டு நிண்டனீங்கள்.”

“நாய் வேண்டாமெண்டுதான் சொன்னனான். பார்த்துக்கொண்டிருக்கிற வாய்க்கு ஒரு பிடி குடாமல் எப்பிடியப்பா தட்டை வழிக்கிறது?” என்று அவர் சிடுசிடுத்தார். இன்னொன்றும் சொல்ல இருந்தது போலும். “வெள்ளிக்கிழமையில கோயிலால வரேக்க வைரவரின்ர வடையும் ஒண்டு.”

வேணுகா வாய்க்குள் சிரித்தாள். பிறகு அவளும் எழும்பிப் போய்க் குளிர்சாதனப் பெட்டியைத் திறந்து ஒரு சீஸ் துண்டை எடுத்துவந்து வைத்தாள். இருபது கிராம். காலையில் பாணுக்கு வெட்டும்போது கொடுப்பதாம்.

“பார்த்தீங்களோ,” என்றாள் கஜலக்சுமி. அவளுக்கு வெற்றி தலைக்கேறிவிட்டது. “எட்டுக் கிழமை என்னை முட்டாளாக்கிப்போட்டு, அந்த மனுசிக்கு முன்னால நான் தலை குனிஞ்சு நிண்டு, நீங்கள் ரெண்டு பேரும் இஞ்ச ஒளிச்சு ஒளிச்சு…”

“தராசு,” என்றார் தில்லைநாதன்.

“என்ன தராசு?”

“கையைப் பாரும்.”

அவள் பார்த்தாள். அவளுடைய கை மேசைக்குக் கீழே இருந்தது. நாயின் ஈர மூக்கு உள்ளங்கையில் முட்டிக்கொண்டிருந்தது. தட்டு காலி. எப்போது உருட்டினாள், எப்போது கொடுத்தாள் என்று அவளுக்கே தெரியாது. அதே அளவில் இன்னொன்றை உருட்டித் தராசில் வைத்தாள். எண்பத்தைந்து கிராம். மூன்று பேரிலும் கூடக் கொடுத்தவள் அவள்தான்.

வெட்கமாகத்தான் இருந்தது. நிறுக்கிறவள் என்ற பெருமையில் தன் கையை மட்டும் அவள் நிறுக்கவில்லை.

உறையை எடுத்துக் கூட்டினாள். அவர் நூற்றிருபது, தான் நூற்றெழுபது, எல்லாம் தேங்காய்ப்பால் குழம்பில் தோய்ந்த சோறு. சீஸோடு சேர்த்து ஐந்நூற்று நாற்பத்து நான்கு கலோரி. ஒளிந்திருந்தது அப்படியே மேசைக்கு வந்துவிட்டது.

“சரி விடும்,” என்றார் தில்லைநாதன் கையைக் கழுவிக்கொண்டு. குரலில் நல்ல மனம்தான். “இண்டையோட எல்லாரும் நிப்பாட்டுவம். அந்த மனுசி சொன்னது சரிதானே. சோறுதான் பிழை.”

அது அவளுக்கு எங்கே போய்ப் பட்டதோ, எழும்பி நின்றுவிட்டாள்.

“அவ சொன்னது சரியில்லை. சோறு ஒரு பிழையும் செய்யேல்ல. நிறுக்காததுதான் பிழை, அது என்ர பிழை. அதுக்காக நான் ஒரு சீவனுக்கு முதுகைக் காட்டிக்கொண்டிருந்து சாப்பிடமாட்டன். உடுப்பை மாத்தச் சொல்லிச்சினம், மாத்தினன். பாசையை மாத்தச் சொல்லிச்சினம், படிச்சன். என்ர தட்டில கடைசிப் பிடி ஆருக்கெண்டு தாளில எழுதித் தர அவ ஆர்?”

“நாயைக் கொண்டுபோயிட்டாவெண்டால்?”

“கொண்டுபோகமாட்டா. நான் மெலியப் பண்ணிக் காட்டுறன். பிடியும் குடுத்து மெலியப் பண்ணிக் காட்டுறன்.”

மூன்றாவது கணக்கு அன்றைக்கே உறையின் மிச்ச இடத்தில் ஏறியது. ஆளுக்கு ஒரு நாளைக்கு ஒரு பிடி. ஒரு பிடி முப்பது கிராம், தேசிக்காய் அளவு. குழம்பு இல்லை, வெறும் சோறு. வெங்காயம் நாய்க்கு நஞ்சு என்று வேணுகா தேடிப் பார்த்துச் சொன்னாள். அவரவர் தட்டில் குழம்பு விட முதலே நாயின் பங்கை எடுத்து ஓரத்தில் வைத்துவிட வேண்டும். மூன்று பிடிக்கு நூற்றுப் பதினேழு கலோரி. அதை அறுநூற்று அறுபத்திரண்டில் கழித்தால் உலர் தீன் நூற்று ஐம்பத்தொரு கிராம். சீஸ் இல்லை. வேணுகா முகத்தைத் தூக்கினாள், ஆனால் ஒப்புக்கொண்டாள்.

“வைரவரின்ர வடை?” என்று கேட்டார் தில்லைநாதன், கொஞ்சம் பயந்த குரலில்.

கோயில் வடையில் வெங்காயம் இராது. கஜலக்சுமி யோசித்தாள். “வெள்ளிக்கிழமையில உங்கட பிடிக்குப் பதிலா அரை வடை. எண்ணெயைத் துடைச்சுப்போட்டு.”

பிறகு வந்த வாரங்களில் அந்த வீட்டில் நடந்ததைச் சொன்னால் ஊர் சிரிக்கும். மூன்று வளர்ந்த மனிதர்கள் சாப்பிட முதல் வரிசையில் நின்று தங்கள் சோற்றுருண்டையை நிறுத்தார்கள். முப்பத்திரண்டு என்று காட்டினால் தில்லைநாதன் இரண்டு கிராமைக் கிள்ளித் தன் வாயில் போட்டுக்கொள்வார். அவருடைய உருண்டை மட்டும் எப்போதும் முப்பத்திரண்டாகத்தான் வரும். நாயும் வழக்கத்தைப் பிடித்துக்கொண்டது. ஒவ்வொருவராகப் போய் ஒரு பிடி வாங்கும். மூன்றாவது பிடி முடிந்ததும் எழும்பிப் போய்த் தன் பாயில் படுத்துவிடும். நான்காவது பிடி இல்லையென்று அதற்கு யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை.

நிறை இறங்கியது. இருபத்து நான்கு புள்ளி ஒன்று. இருபத்து மூன்று புள்ளி எட்டு. இருபத்து மூன்று புள்ளி ஐந்து. லாங்கேட்டே ஆற்றோரம் நடக்கும்போது ப்ளெஸ் அவளை இழுக்கத் தொடங்கினான். முன்பு அவள்தான் அவனை இழுக்க வேண்டியிருந்தது. எட்டாம் வாரம் இருபத்திரண்டு புள்ளி ஐந்து. ஒன்பதாம் வாரமும் இருபத்திரண்டு புள்ளி ஐந்து.

அந்த ஏழு நாளும் அவளுக்குப் பயம்தான். வேலையில் இரண்டு தட்டை மாற்றி அனுப்பினாள். இருபது வருடத்தில் அது முதல் தடவை. தில்லைநாதன் ஒரு நாள் மெதுவாகச் சொன்னார்: “இன்னும் ஒரு கிழமைதானே. பிடியை நிப்பாட்டுவம். பேப்பர் கைக்கு வந்தாப்பிறகு திரும்பக் குடுக்கலாம். ஆருக்குத் தெரியப்போகுது?”

அவரும் நாய்க்காகத்தான் சொல்கிறார் என்று அவளுக்குத் தெரிந்தது. அதனால் கோபப்படவில்லை. “ஒளிச்சுக் குடுத்துத்தானே இந்த நிலைக்கு வந்தது,” என்றாள். “பிடி பிடிதான். நீங்கள் நாளைக்கு அவனோட ஒரு சுற்றுக் கூட நடவுங்கோ.”

அவர் மழையிலும் நடந்தார். நாமம் போட்ட நாயை இழுத்துக்கொண்டு சைவக்காரர் குடையோடு போவதை மூன்றாம் மாடி ஜன்னலிலிருந்து அவள் பார்த்தாள்.

பத்தாவது வாரத்தின் கடைசி நாள், புதன்கிழமை காலை. கணவனும் கூட வந்தார். காப்பகத்துத் தராசு தரையோடு சேர்ந்த பெரிய தராசு. இந்தத் தடவை ப்ளெஸ் பிஸ்கட்டுக்குக் காத்திருக்கவில்லை. கஜலக்சுமி “ஏறு” என்று தமிழில் சொன்னாள், ஏறி இருந்தான். எண் ஆடியது. இருபத்திரண்டு புள்ளி ஒன்று, இருபத்தொன்று புள்ளி ஏழு, கடைசியில் இருபத்தொன்று புள்ளி ஒன்பதில் நின்றது.

பிரௌ எஷ்லிமனுக்கு உண்மையிலேயே சந்தோசம். கையைக் குலுக்கினார். “பாருங்கள், சோற்றை நிறுத்தினதும் எவ்வளவு நன்றாக இருக்கிறது,” என்று சொல்லிக்கொண்டு, ஆயத்தமாக வைத்திருந்த தாளை எடுத்து நீட்டினார். “இதில் கையெழுத்து வைத்தால் ப்ளெஸ் உங்களுடைய நாய்.”

தில்லைநாதன் பேனாவை எடுத்து மனைவியின் கையில் வைத்தார். கஜலக்சுமி வாசித்தாள். பெயர், தடுப்பூசி, நாய் வரி, முகவரி மாறினால் அறிவிக்க வேண்டும். நான்காவது வரியில் நின்றாள். நாய்க்கு உலர் தீன் மட்டுமே கொடுக்கப்படும், வீட்டுச் சாப்பாடு எதுவும் கொடுக்கப்படாது.

“வையுமன் கையெழுத்தை,” என்றார் தில்லைநாதன் காதோரம். “வீட்ட வந்தோ பார்க்கப்போகினம்?”

பேனா கையில் இருந்தது. நாய் காலடியில் இருந்தது. ஒரு கோடு இழுத்தால் போதும். இந்த நாட்டில் எத்தனையோ மேசைகளுக்கு முன்னால் அவள் அப்படி இழுத்திருக்கிறாள். வாசிக்காமல், வாசித்தும் விளங்காமல், விளங்கியும் வாய் திறக்காமல். அவள் பேனாவை மேசையில் வைத்தாள்.

“நான் சோற்றை நிறுத்தவில்லை,” என்று இந்த நாட்டுப் பாசையான டொச்சில் சொன்னாள். “தினமும் கொடுக்கிறேன். என் கையால் கொடுக்கிறேன். இந்த வரிக்கு நான் கையெழுத்து வைக்கமாட்டேன்.”

பிரௌ எஷ்லிமனின் முகம் மாறியது. “நாங்கள் பேசியது அப்படி இல்லையே.”

“நாங்கள் பேசியது நிறை. நிறை வந்துவிட்டது.” கஜலக்சுமி கைப்பையிலிருந்து அந்த உறையை எடுத்து மேசையில் விரித்தாள். மஞ்சள் கறை, அடித்துத் திருத்திய எண்கள், இரண்டு வர்க்கமூலங்கள். “தீன் நூற்று ஐம்பத்தொரு கிராம். சோறு தொண்ணூறு கிராம். இரண்டும் சேர்ந்து அறுநூற்று அறுபத்திரண்டு. வேண்டுமானால் வைத்தியரிடம் காட்டுங்கள்.”

பிரௌ எஷ்லிமன் உறையைக் கையில் எடுத்தார். “யார் கணக்குப் போட்டது?”

“நான்.”

அவர் அதை முன்பக்கமும் பின்பக்கமும் பார்த்தார். “ஆனால் விதி என்று ஒன்று இருக்கிறது. எல்லோருக்கும் ஒரே விதி. இப்படி ஆளுக்கொரு மாதிரிக் கையால் கொடுக்கத் தொடங்கினால் அளவு தெரியாமல் போய்விடும். நான் மேலிடத்தோடு கதைக்க வேண்டும். அதுவரை நாய் இங்கேயே இருக்கட்டும்.”

தில்லைநாதன் தலையில் கை வைத்துக்கொண்டு நாற்காலியில் இருந்துவிட்டார். கஜலக்சுமி நின்ற இடத்தை விட்டு அசையவில்லை. நாயின் வார் அவள் கையில் இரண்டு சுற்றுச் சுற்றியிருந்தது.

“வா ப்ளெஸ்,” என்றார் பிரௌ எஷ்லிமன். நாய் வரவில்லை. அவருடைய கை தன்பாட்டில் மேலங்கிப் பைக்குள் போனது. எலும்பு வடிவ பிஸ்கட்டோடு வெளியே வந்தது. அது நாயின் மூக்குக்குக் கிட்டப் போகும்போது கஜலக்சுமி உள்ளங்கையை நடுவே நீட்டினாள்.

“அதை நிறுங்கள்.”

“என்ன?”

“கொடுக்க வேண்டாமென்று நான் சொல்லவில்லை. கொடுக்க முதல் நிறுங்கள். என் வீட்டில் அதுதான் விதி. எல்லோருக்கும் ஒரே விதி.”

பிரௌ எஷ்லிமன் தன் கையைப் பார்த்தார். அதைப் பையிலிருந்து எப்போது எடுத்தோம் என்று அவருக்கே தெரியவில்லை. அந்த முகத்தைக் கஜலக்சுமி முன்பே பார்த்திருக்கிறாள். ஒரு சனிக்கிழமை மத்தியானம், சாப்பாட்டு மேசையில், அது அவளுடைய முகம்.

மருந்து நிறுக்கிற சின்னத் தராசு ஒன்று அலமாரியில் இருந்தது. பிரௌ எஷ்லிமன் அதை எடுத்து பிஸ்கட்டை வைத்தார். பன்னிரண்டு கிராம். கஜலக்சுமி பிஸ்கட் டப்பாவின் பின்பக்கத்தை வாசித்தாள். “நாற்பத்தைந்து கலோரி. என்னுடைய ஒரு பிடி சோறு முப்பத்தொன்பது.” பிறகு மெதுவாகக் கேட்டாள்: “இங்கே ஒரு நாய்க்கு ஒரு நாளைக்கு எத்தனை கொடுப்பீர்கள்?”

பிரௌ எஷ்லிமன் டப்பாவை வாங்கி அந்த எண்ணைத் தானும் வாசித்தார். பின் அறைகளில் நாய்கள் குரைத்துக்கொண்டிருந்தன. அவர் கதிரையை இழுத்துப்போட்டு இருந்தார். தாளைத் தன் பக்கம் திருப்பினார். சிவப்புப் பேனாவை எடுத்து நான்காவது வரியை ஒரே கோடாக வெட்டினார். மேலே, உறையைப் பார்த்துப் பார்த்து, சின்ன எழுத்தில் எழுதினார்: உலர் தீன் 151 கிராம், சோறு 90 கிராம், நிறுத்துக் கொடுப்பது. பக்கத்தில் தன் கையெழுத்தைச் சின்னதாக வைத்தார்.

கஜலக்சுமி அந்த வரியை முழுதாக வாசித்தாள். பிறகுதான் பேனாவைத் தொட்டாள். முழுப் பெயரையும் எழுதினாள், தமிழில்.

பன்னிரண்டு கிராம் பிஸ்கட் இன்னும் தராசிலேயே இருந்தது. நாய் அதைப் பார்த்துக்கொண்டே இருந்தது. பிரௌ எஷ்லிமன் அதைக் கையில் எடுத்தார். நாயைப் பார்த்தார். பிறகு கஜலக்சுமியைப் பார்த்தார்.

“இதை நான் இப்போது கொடுக்கலாமா?”

கஜலக்சுமி யோசித்தாள். நாற்பத்தைந்தில் முப்பத்தொன்பது போனால் ஆறு.

“கொடுங்கள்,” என்றாள். “இன்றைக்கு என் பிடியை நிறுத்திக்கொள்கிறேன்.”

கதவருகே வந்ததும் தில்லைநாதன் மிச்ச ஆறு கலோரியை என்ன செய்வதென்று கேட்டார். அதை அவருடைய வடையில் கழிப்பதாக அவள் சொன்னாள்.